வயிற்று வலி முதல் ஆயிரம் பொன் வரை

நேயர்களுக்கு வணக்கம். நடிகர் நாகேஷைப் பற்றிப் பேசப் பத்து நிமிடம் கொடுத்திருக்கிறார்கள். அவருடைய கை கால் வீச்சை வானொலியில் காட்ட வழியில்லை. ஆனால் சிங்கப்பூர் தேக்காவில் ஒலிநாடாக் கடைகள் இருந்த காலத்தில் ‘திருவிளையாடல்’ வசன ஒலிநாடாவை வாங்கி வந்து, துணி மடித்தபடியே கேட்டவர்கள் உங்களில் இருப்பீர்கள். உங்களுக்கு அந்தக் குரல் ஒன்றே போதும்.

நான் சொல்ல வந்தது இதுதான். நாகேஷ் நம்மைச் சிரிக்க வைக்கப் பாடுபட்ட நடிகர் இல்லை. உடனடியாக ஏதோ ஒன்று தேவைப்படுகிற மனிதனாகத் திரையில் வந்து நிற்பார். பணம் வேண்டும், வேலை வேண்டும், மதிப்பு வேண்டும். அந்தத் தேவை எத்தனை உண்மையோ அத்தனைக்கு நமக்குச் சிரிப்பு வந்தது.

தொடக்கத்தையே பாருங்கள். தாராபுரத்திலிருந்து சென்னைக்கு வந்த இளைஞர், ரயில்வேயில் எழுத்தர் வேலை. முகத்தில் அம்மைத் தழும்பு, ஒல்லியான உடம்பு. ஒரு நாடகத்தில் வயிற்று வலிக்காரனாகச் சிறிய வேடம் கிடைத்தது. அவர் துடித்த துடிப்பில் அரங்கம் குலுங்கியது. தலைமை தாங்க வந்திருந்த எம்.ஜி.ஆர். அந்தச் சின்ன வேடத்தைத்தான் தனியாகக் குறிப்பிட்டுப் பாராட்டினார். பாருங்கள், அங்கேயும் ஒரு தேவை: வலி நிற்க வேண்டும், அவ்வளவுதான்.

இனி ‘திருவிளையாடல்’ படத்தில் நாகேஷ் நடித்த புலவர் தருமிக்கு வருகிறேன். தருமியிடம் வந்தால் நான் அங்கிருந்து எளிதில் நகர மாட்டேன் என்பது என் நண்பர்களுக்குத் தெரியும்.

சமூக மன்றத்தில் இளையர்களுக்கு நாடகப் பயிற்சி கொடுக்கிறேன். ஏப்ரல் வந்தால், தமிழ்மொழி விழாவுக்குத் தருமி காட்சியைப் போடலாமா என்று யாராவது கேட்பார்கள். கைப்பேசியில் பார்த்துப் பார்த்து வசனம் முழுவதும் மனப்பாடமாக இருக்கும். மேடையில் ஏறியதும் குரலை உயர்த்துவார்கள், கண்ணை உருட்டுவார்கள். சிரிப்பு வராது. நான் ஒரே ஒரு கேள்விதான் கேட்பேன்: தம்பி, தருமி கடைசியாக எப்போது சாப்பிட்டார்? பிள்ளை திகைத்து நிற்பான். யோசித்துவிட்டு மறுபடி நடிப்பான். இம்முறை குரல் தானாகவே இறங்கும், பேச்சு தானாகவே வேகமெடுக்கும். பின்வரிசையில் ஒருவர் சிரிப்பார், பிறகு எல்லாரும் சிரிப்பார்கள்.

1965இல் வந்த படம். பாண்டியனின் ஐயத்தைத் தீர்ப்பவருக்கு ஆயிரம் பொற்காசு. தருமியால் பாட்டு எழுத முடியாது, ஆனால் அந்தப் பணம் இல்லாமல் முடியாது. யாருமில்லாத கோயில் மண்டபத்தில் நின்று புலம்புகிறார். ஆயிரம் பொன், ஆயிரம் பொன் என்று அவர் சொல்வதைக் கேட்டால் கையில் வாங்கி எண்ணிப் பார்த்துத் தொலைத்தும் விட்டவர்போல இருக்கும். இந்தப் புலம்பலில் பெரும்பகுதி படப்பிடிப்பில் அவராகச் சேர்த்தது என்றும், அதை வெட்டக் கூடாது என்று சிவாஜியே சொன்னார் என்றும் திரையுலகில் சொல்வார்கள். சிவனாக வந்த சிவாஜியின் பெருந்தன்மையும் அந்தக் காட்சியில் தெரிகிறது. அசையாமல் நின்று நாகேஷுக்கு இடம் விடுகிறார்.

கேள்வி பதில் வருகிறதே, அதில் சேர்ந்தே இருப்பது எது என்று தருமி கேட்க, வறுமையும் புலமையும் என்று சிவனிடமிருந்து பதில் வரும். நாம் கைதட்டிவிட்டுப் போய்விடுகிறோம். கேட்டவரே ஏழைப் புலவர்! பதிலைக் கேட்ட அந்த நொடியில் நாகேஷின் குரல் எப்படி மாறுகிறது என்று அடுத்த முறை கவனியுங்கள்.

பிறகு அவையில் புலவர் நக்கீரர், சிவன் தருமிக்கு எழுதிக் கொடுத்த பாட்டில் குற்றம் கண்டுபிடிக்கிறார். தருமி என்ன சொல்கிறார்? பிழைக்கு உரியதைக் கழித்துக்கொண்டு மிச்சப் பரிசையாவது கொடுங்கள் என்கிறார். பாட்டின் பொருள் பற்றிய வழக்கு நடக்கிறது, இவருக்கோ வீட்டு அடுப்பு கண்ணில் நிற்கிறது. நான் சொன்னேனே, தேவை. தருமிக்குப் பணம் வேண்டும், அந்த ஒன்றை நாகேஷ் ஒரு வசனத்திலும் மறக்கவில்லை.

1964இல் வந்த ‘சர்வர் சுந்தரம்’ படத்திலும் அப்படியே. சிராங்கூன் சாலை உணவகங்களில் மூன்று நான்கு தட்டுகளை ஒரே கையில் ஏந்தி வரும் பணியாளர்களைப் பார்க்கும்போது எனக்கு அந்தப் படம்தான் நினைவுக்கு வரும். தட்டு விழுந்தால் சம்பளத்தில் பிடித்துவிடுவார்களே என்ற பயம் அந்த வித்தைக்குள் இருக்கிறது. அதே ஆண்டு ‘காதலிக்க நேரமில்லை’. அதில் நாகேஷ் நடித்த செல்லப்பா பணக்கார வீட்டுப் பிள்ளை. ஆனாலும் படம் எடுக்க அப்பாவின் பணம் வேண்டும். அதற்காக அப்பாவாக வரும் டி.எஸ். பாலையாவை உட்கார வைத்துப் பேய்க்கதை சொல்வாரே, அதில் பாதி வெற்றி பாலையாவின் முகத்துக்குச் சேரும் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

கண்ணாடிக்கு அப்பாலிருந்து நிலைய நண்பர் கை காட்டுகிறார். ‘எதிர்நீச்சல்’ பற்றியும் ‘தில்லானா மோகனாம்பாள்’ வைத்தியைப் பற்றியும் குறித்து வைத்திருந்தேன், நேரமில்லை. ‘அபூர்வ சகோதரர்கள்’ வில்லனும், ‘மகளிர் மட்டும்’ படத்தில் பிணமாக நடித்ததும் அப்படியே நிற்கட்டும். ஒன்றை மட்டும் சொல்லிவிடுகிறேன். 1994இல் ‘நம்மவர்’ படத்தில் மகளை இழந்த பேராசிரியராக நடித்தார். அதற்குத்தான் சிறந்த துணை நடிகருக்கான தேசிய விருது கிடைத்தது. முப்பதாண்டுகள் நம்மைச் சிரிக்க வைத்த அதே அவசரப் பேச்சு, அங்கே துயரமாக வருகிறது. பார்க்காதவர்கள் இந்த வார இறுதியில் தேடிப் பாருங்கள், வீட்டுப் பிள்ளைகளையும் பக்கத்தில் உட்கார வையுங்கள். நன்றி, வணக்கம்.