யாருக்கும் சொந்தமில்லாத ஏழு நாள்கள்

(இருண்ட திரை. அலைச் சத்தம்.)

இந்த ஊரில் ஆண்டுக்கு ஏழு நாள்கள் யாரும் யாரையும் பெயர் சொல்லி அழைக்க மாட்டார்கள். கடன் கொடுத்தவன் வாசலில் வந்து நிற்கக் கூடாது. அந்த நாள்களில் பிறந்த குழந்தையைப் பதிவேட்டில் எழுதவும் மாட்டார்கள். ஏனென்றால் அந்த ஏழு நாள்கள் எந்தத் தெய்வத்துக்கும் சொந்தமில்லை.

வணக்கம். சென்னை ராயபுரத்து மொட்டை மாடியிலிருந்து பேசுகிறேன். நடுவில் லாரி ஹாரன் கேட்டால் பொறுத்துக்கொள்ளுங்கள், துறைமுகம் பக்கத்தில்தான். ஊரின் பெயர் கருங்கழி. வரைபடத்தில் தேட வேண்டாம். சனிக்கிழமை இரவுகளில் நாங்கள் நான்கு பேர் பகடை உருட்டி ஆடும் கதை விளையாட்டுக்காக நான் கட்டிய ஊர் அது. பன்னிரண்டு கடல் தெய்வங்கள், ஆளுக்கு ஒரு மாதம், மாதத்துக்கு 30 நாள். பின்னணி அவ்வளவுதான்.

முதலில் ஆண்டுக்குச் சரியாக 360 நாள் என்றுதான் வைத்திருந்தேன். எல்லாத் திருவிழாவும் பௌர்ணமியில். என் தம்பி அதைப் பார்த்துவிட்டு, “அண்ணா, இது சாமி நாட்காட்டியா, சம்பள நாட்காட்டியா?” என்று கேட்டான். கோபம் வந்தது. ஆனால் வீட்டில் தினமும் தாள் கிழிக்கும் நாட்காட்டியே அவன் பக்கம் சாட்சி சொல்கிறது: மார்கழிக்கு 29 அல்லது 30 நாள், ஆனிக்கு 31 அல்லது 32. ஜனவரித் தொடக்கத்தில் பூமி சூரியனுக்கு அருகில் வந்து வேகமாக ஓடுகிறது. ஜூலைத் தொடக்கத்தில் தள்ளிப் போய் மெதுவாக நடக்கிறது. வானம் நம் வசதிக்குச் சுற்றுவதில்லை.

இப்போது எனக்கு மிகவும் பிடித்த இடம். வீடியோவை வேகமாக ஓட்டுகிறவர்கள் இங்கே மட்டும் நிதானமாகப் பாருங்கள்.

(திரையில்: 360 + 5)

பழைய எகிப்தில் பன்னிரண்டு மாதம், மாதத்துக்கு 30 நாள். மீதி ஐந்து. அந்த ஐந்துக்கு ஒரு கதை உண்டு. வானத்து அம்மையான நூத், ஆண்டின் எந்த நாளிலும் பிள்ளை பெறக் கூடாது என்று சாபம். அறிவுத் தெய்வமான தோத், நிலவோடு காய் உருட்டிச் சூதாடி ஐந்து நாள்களை வென்று வந்தான். அவை ஆண்டின் கணக்கில் சேராதவை, ஆகவே சாபமும் அங்கே செல்லாது! ஒசிரிஸ், ஐசிஸ் உட்பட ஐந்து பிள்ளைகள் அப்படித்தான் பிறந்தார்கள். இப்படி ஒரு சட்ட ஓட்டையை நம் ஊர் வக்கீல்கூடக் கண்டுபிடித்திருக்க மாட்டார்.

மத்திய அமெரிக்காவின் பழங்குடிகளான மாயர்கள் 20 நாள் கொண்ட 18 மாதங்கள் வைத்தார்கள். பெருக்கினால் அங்கேயும் 360, மீதி ஐந்து. அந்த ஐந்து நாளின் பெயர் வயேப். அவர்களுக்கு அது அச்சம், கெட்ட காலம்.

மூன்றாவது கணக்குக்குக் கடல் தாண்ட வேண்டாம். எங்கள் ராயபுரத்திலேயே 1910இல் கட்டிய பார்சி நெருப்புக் கோயில் இருக்கிறது. சிறுவயதில் அதன் வாசலைக் கடந்து எத்தனையோ முறை போயிருக்கிறேன், உள்ளே ஒரு தனிக் காலக் கணக்கு எரிந்துகொண்டிருப்பது தெரியாமல். பார்சி மாதத்தின் 30 நாளுக்கும் எண் கிடையாது, தெய்வப் பெயர்தான். நாளின் பெயரும் மாதத்தின் பெயரும் ஒன்றானால் திருநாள்: ஒன்பதாம் மாதம் ஆதர், ஒன்பதாம் நாளும் ஆதர், அன்று நெருப்புக்கு விழா. ஆண்டு முடிவில் மிஞ்சும் ஐந்து நாளுக்கு, அவர்கள் மதத்தின் ஆதி ஞானி ஜரதுஷ்டிரரின் ஐந்து காதைகளின், அதாவது துதிப்பாடல் தொகுதிகளின், பெயர்கள். இறந்தவர்களை நினைக்கும் காலம் அது. அதே ஐந்து நாள்கள்: ஓரிடத்தில் பிரசவம், ஓரிடத்தில் பயம், இங்கே நினைவு. எனக்கு உடல் சிலிர்த்துவிட்டது.

இன்னும் இருக்கிறது. அவர்களுடைய பழைய கணக்கில் லீப் நாள் இல்லை. நான்காண்டுக்கு ஒரு நாள் வீதம் புத்தாண்டு பின்னோக்கி நகர்கிறது. இப்போது ஆகஸ்ட் நடுவில் நிற்கிறது. இந்தியப் பார்சிகளின் கணக்கும் ஈரானில் இருந்த அதே மதத்தாரின் கணக்கும் ஒரு மாதம் விலகியிருந்ததால், 1745இல் சூரத்தில் ஒரு பிரிவினர் ஈரானியக் கணக்குக்கு மாறினார்கள். ஒரே மதம், இரண்டு புத்தாண்டு. கற்பனை உலகம் படைப்பவருக்கு இதைவிடப் பெரிய சீதனம் வேண்டுமா?

காசிமேட்டில் ஏப்ரல் 15 முதல் 61 நாள் விசைப்படகுகள் கரையில் நிற்பது அரசு விதித்த மீன்பிடித் தடைதான் என்றாலும், எனக்கு அதுவும் விரதமாகத்தான் தெரிகிறது. கருங்கழியில் படகைக் கரையேற்றும் சடங்கு அங்கே திருடியது.

சரி, என் திருத்தம். கருங்கழியின் ஆண்டு இப்போது 367 நாள். பன்னிரண்டு தெய்வங்கள் 360ஐப் பங்கிட்டுக்கொண்டார்கள். பங்கு கேட்டு வந்த பதின்மூன்றாமவளுக்கு வாசலிலேயே மறுப்பு. அவள் உட்கார்ந்திருந்த ஏழு நாள்கள்தான் மீதி. அவள் யாரையாவது பெயர் சொல்லி அழைத்துக்கொண்டு போய்விடுவாள் என்பதால்தான் அந்த மௌனம்.

பெருமையோடு ஆட்டத்தைத் தொடங்கினேன். தம்பி தன் பாத்திரத்தை அந்த ஏழு நாளில் பிறக்க வைத்துவிட்டான். பிறந்த நாள் பதிவேட்டில் இல்லை; ஆகவே வயது இல்லை; ஆகவே பதினெட்டு வயதானவர்கள் கட்டும் தலைவரியும் இல்லை. மூன்று வாரமாக ஒரு காசு கட்டாமல் ஊரைச் சுற்றுகிறான். இவனிடம் வரி வசூலிக்க வழி தெரிந்தவர்கள் கீழே எழுதுங்கள். சனிக்கிழமைக்குள் வேண்டும்.