ஹாலுக்குள்ள பவுல்ஸாம்... இப்பதான் தோணுச்சா?

மக்களே, இன்னைக்கு குஷியும் இருக்கு, கடுப்பும் இருக்கு. கிளாஸ்கோ 2026 காமன்வெல்த் லிஸ்ட் பார்த்தீங்களா? மொத்தமே 10 விளையாட்டு. ஹாக்கி காலி, பேட்மிண்டன் காலி, மல்யுத்தம் காலி. நம்மாளுங்க பதக்கம் அடிக்கிறதா பார்த்துத் தூக்கியிருக்காங்க! ஆனா என் செல்லம் லான் பவுல்ஸ், அதாங்க புல் தரையில பந்தை உருட்டி ஆடுறது, தப்பிச்சிடுச்சு. ஆனா இந்தத் தடவை ஹாலுக்குள்ள, கார்பெட் மேல.

அங்கதான் எனக்கு வயிறு எரியுது. அலெக்ஸ் மார்ஷல் பத்தி இந்த சேனல்ல எத்தனை தடவை புலம்பியிருக்கேன்னு பழைய ஆளுங்களுக்குத் தெரியும். ஸ்காட்லாந்து பவுல்ஸ் வீரர், எடின்பரோக்காரர், 1967ல பொறந்தவர். உலக இண்டோர் சிங்கிள்ஸ் பட்டம் 6. 1995, 1999, 2003, 2007, 2012, 2015. முதல் பட்டத்துக்கும் கடைசிப் பட்டத்துக்கும் நடுவுல 20 வருஷம்! கார்பெட்டுக்கு ராஜான்னா இவர்தான்.

ஆனா காமன்வெல்த்ல வாங்குன அஞ்சு தங்கமும் வெளிய, புல் தரையில. அஞ்சுமே ஜோடியா ஆடினது, இல்லன்னா நாலு பேர் டீம். சிங்கிள்ஸ் தங்கம் ஒண்ணு கூட இல்ல. தனியா ஆடி உலகத்தையே ஜெயிச்ச மனுஷனுக்கு! இந்த ஹால் போட்டி அவர் உச்சத்துல இருந்தப்பவே வந்திருக்கக் கூடாதா?

இருங்க இருங்க, புதுசா பார்க்கிறவங்களுக்கு ஒண்ணு சொல்லாம வந்துட்டேன். இந்தப் பந்து நேரா போகாது. ரெண்டு பக்கமும் ஒரே வளைவா இருக்காது, அதனால வேகம் குறையக் குறைய ஒரு பக்கமா சாயும். தூரத்துல ஜாக்னு ஒரு சின்ன வெள்ளைப் பந்து, அதுக்குப் பக்கத்துல கொண்டுபோய் நிறுத்தணும். புல்லுல மழை, காத்து எல்லாம் சேர்ந்து விளையாடும். கார்பெட்ல அந்தச் சாக்கு எதுவும் கிடையாது, கை சுத்தமா இருக்கணும்.

இந்தப் பந்து விலை கேட்டீங்களா? ஆன்லைன்ல பார்த்தேன். நாலு பந்து ஒரு செட், முப்பதாயிரத்துக்கு மேல. அதுக்கு மேல கப்பல் செலவு, அதுக்கு மேல கஸ்டம்ஸ் வரி. கார்ட்ல போட்டு வச்சு, தினம் காலையில எழுந்து குறைஞ்சிருக்கான்னு பார்க்கிறேன். நேத்து ஏறியிருக்கு! பை வேற தனிக் காசாம். நாலு பந்தை நான் என்ன மடியில கட்டிக்கிட்டா போறது?

சரி, விடுங்க. மார்ஷலோட காமன்வெல்த் கதைக்கு வருவோம். 2002 மான்செஸ்டர்ல ஜார்ஜ் ஸ்னெட்டனோட ஜோடி சேர்ந்து முதல் தங்கம். 2006 மெல்போர்ன்ல பால் ஃபாஸ்டரோட சேர்ந்து ரெண்டாவது. 2014 கிளாஸ்கோ, கெல்விங்ரோவ் மைதானம், சொந்த நாட்டுக் கூட்டம்... ஜோடி ஃபைனல்ல மலேசியாவை 20-3! அது மேட்சா? ஒரு பாவமும் பார்க்கல. நாலு பேர் போட்டியிலயும் தங்கம். 2018 கோல்ட் கோஸ்ட்ல நாலு பேர் ஃபைனல்ல ஆஸ்திரேலியாக்காரங்களை அவங்க ஊர்லயே சாச்சு அஞ்சாவது. காமன்வெல்த்ல அத்தனை தங்கம் அதுக்கு முன்ன எந்த ஸ்காட்லாந்துக்காரரும் வாங்கினதில்ல.

ஐயோ, அதே 2018ல ஜோடி ஃபைனல் விட்டுட்டேனே. வேல்ஸ்கிட்ட 12-10. ரெண்டே ரெண்டு பாயிண்ட்! ஆறாவது தங்கம் வெள்ளியா போச்சு. அதை மட்டும் நான் திரும்பப் பார்க்கிறதே இல்ல, லிங்க்கும் போட மாட்டேன்.

பால் ஃபாஸ்டர் சும்மா கூட ஆடின ஆளுன்னு நினைச்சிடாதீங்க, அவருக்கே இண்டோர் சிங்கிள்ஸ் பட்டம் அஞ்சு இருக்கு. அவருக்குத் தனி வீடியோ வருது. அதுக்குள்ள யார்கிட்டயாவது பழைய செட் விலைக்கு இருந்தா கமெண்ட்ல சொல்லுங்க. பையோட சேர்த்து!