நீதிபதி நாற்காலியில் நம்மை உட்கார வைத்தவர்

நண்பர்களே, அகிரா குரோசாவா எடுத்த ஜப்பானியப் படம் 'ரஷோமோன்' பார்த்தவர்கள் இங்கே நிறையப் பேர் இருப்பீர்கள். அதில் வரும் கொலை விசாரணையை நினைத்துப் பாருங்கள். கொள்ளைக்காரன், விறகுவெட்டி, கொலையானவனின் மனைவி எல்லோரும் தரையில் உட்கார்ந்து நம் முகத்தைப் பார்த்துப் பேசுவார்கள். நீதிபதி கண்ணில் படவே மாட்டார், குரலும் கேட்காது. அவர் இடத்தில் உட்கார்ந்திருப்பது நாம்தான்.

அந்தத் திரைக்கதையின் முதல் பிரதியை எழுதியவர் ஷினோபு ஹாஷிமோதோ. பட்டாளத்துக்குப் போன இடத்தில் காசநோய் வந்து, சானடோரியம் என்ற காசநோய் மருத்துவமனையில் கிடந்த நாட்களில் திரைக்கதைப் பக்கம் திரும்பியவர். 1950-ல் நம்மை உட்கார வைத்த நாற்காலியிலிருந்து அப்புறமும் அவர் நம்மை எழுந்திருக்க விடவில்லை.

1951-ல் ஜப்பானில் யமகுச்சி மாகாணத்தின் யாகாய் என்ற ஊரில் வயதான தம்பதி ஒன்று கொலையானது. பிடிபட்டவன் முதலில் தனியாகத்தான் செய்தேன் என்றான். போலீஸ் நம்பவில்லை. பிறகு நான்கு பேரின் பெயரைச் சொன்னான். அந்த நால்வரையும் அடித்து வாக்குமூலம் வாங்கினார்கள், ஒருவருக்குத் தூக்குத் தண்டனை என்று தீர்ப்பானது. அவர்களுக்காக வாதாடிய ஹிரோஷி மசாகியின் புத்தகத்தை வைத்து ஹாஷிமோதோ எழுத, தடாஷி இமாய் 1956-ல் எடுத்த படம்தான் 'நண்பகல் இருள்'. அப்போது வழக்கு உச்ச நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தது. ஜப்பானில், பொதுமக்களே உட்கார்ந்து தீர்ப்புச் சொல்லும் ஜூரி முறையை 1943-லேயே நிறுத்திவிட்டார்கள். சரி, தியேட்டருக்கு வந்தவர்களே ஜூரியானார்கள்.

அதில் ஒரு காட்சியை மட்டும் சொல்கிறேன். வக்கீல் எழுந்து, போலீஸ் சொல்லும் நேரக் கணக்கை அப்படியே ஒப்பிக்கிறார். திரையில் ஐந்து பேரும் அந்தக் கணக்குப்படி கொலையை முடிக்கக் குடுகுடுவென்று ஓடுகிறார்கள். பார்க்கச் சிரிப்பு வருகிறது. இந்தக் கணக்கை நம்பியா ஒருவனைத் தூக்கில் போடப் போகிறார்கள் என்று உறைத்ததும் அந்தச் சிரிப்பு தொண்டையில் நின்றுவிடுகிறது. எனக்கு இன்றைக்கும் அப்படித்தான்.

1958-ல் ஹாஷிமோதோ தொலைக்காட்சிக்கு எழுதிய 'நான் சிப்பியாகப் பிறக்க வேண்டும்' நாடகத்திலும் விசாரணை உண்டு. மேலதிகாரி உத்தரவிட்டதால் கைதியைத் துப்பாக்கி முனை ஈட்டியால் குத்தப் போன ஒரு சவரக் கடைக்காரர், போர்க்குற்றவாளியாகத் தூக்குமேடை ஏறுகிறார்.

'நண்பகல் இருள்' படத்தின் கடைசியில், மேல்முறையீட்டிலும் தோற்ற மகனைப் பார்த்துவிட்டுத் தாய் கிளம்புகிறாள். அவன் பின்னாலிருந்து கத்துகிறான்: "இன்னும் உச்ச நீதிமன்றம் இருக்கிறது!"

நிஜத்தில் அந்த வழக்கு மூன்று தடவை உச்ச நீதிமன்றம் ஏறியது. நால்வரும் குற்றமற்றவர்கள் என்று கடைசித் தீர்ப்பு வந்தபோது 1968 ஆகியிருந்தது.