தாழ்ப்பாள் எங்கே இருக்கிறது?

அனைவருக்கும் வணக்கம்.

கொலை நடக்கும், ஆனால் ரத்தம் வாசகர் மேல் தெறிக்காது. துப்பறிகிறவர் போலீஸ்காரர் இல்லை. ஓய்வுபெற்ற ஆசிரியையாக இருப்பார், பேக்கரி வைத்திருப்பார், நூலகத்தில் வேலை பார்ப்பார். சந்தேகத்துக்குரியவர்கள் ஏழெட்டுப் பேர். கடைசியில் உண்மை வெளிப்படும், எல்லாரும் மறுபடி நிம்மதியாகச் சாப்பிட உட்காருவார்கள். இந்த வகைக் கதையைத்தான் கோஸி மிஸ்டரி என்கிறார்கள். பெரும்பாலும் ஒரு சின்ன ஊருக்குள் நடக்கிற இந்தக் கதையை ஒரு தூர தேசத்துச் சுற்றுலாத் தலத்துக்குக் கொண்டுபோனால் எழுதுகிறவர் என்னென்ன செய்யவேண்டும் என்பதுதான் இன்றைய பேச்சு. தமிழ் வாசகருக்கு இந்த ஆசை பழையது. தமிழ்வாணனின் சங்கர்லால் எப்போதோ விமானம் ஏறிவிட்டார்.

பலர் சறுக்குகிற இடத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். முதல் அத்தியாயம் முழுக்க ஊர் வருணனை. இரண்டாம் அத்தியாயத்தில் ஓட்டல் அறைக்குள் கொலை. அதன் பிறகு ஊரைப் பற்றிப் பேச்சே இல்லை. அந்த ஓட்டல் பாரீசில் இருந்தால் என்ன, பழனியில் இருந்தால் என்ன? எழுதி முடித்ததும் கதையை அப்படியே தூக்கி இன்னோர் ஊரில் வைத்துப் பாருங்கள். ஒரு கீறலும் விழாமல் அங்கேயும் நின்றால், நீங்கள் தேர்ந்தெடுத்த ஊர் வெறும் திரைச்சீலை. ஊரே கதைக்குத் தாழ்ப்பாளாக இருக்கவேண்டும். யாரும் உள்ளே வரவோ வெளியே போகவோ முடியாமல் அது தடுக்கவேண்டும். அதே ஊர் கடிகாரமாகவும் சாட்சியாகவும் இருந்துவிட்டால் பாதிக் கதை தானே எழுதிக்கொள்ளும்.

எல்லாருக்கும் தெரிந்த ரயிலிலிருந்து தொடங்குவோம். 1929-இல் துருக்கியின் செர்கெஸ்கோய் அருகே சிம்ப்ளான் ஓரியன்ட் எக்ஸ்பிரஸ் பனியில் புதைந்து நாள்கணக்கில் நின்றது. 1931 டிசம்பரில் ஆங்கில மர்மக்கதை எழுத்தாளர் அகதா கிறிஸ்டி பயணம் செய்த அதே ரயில் வெள்ளத்தில் மாட்டிக்கொண்டது. 1934-இல் வெளிவந்த அவருடைய 'மர்டர் ஆன் தி ஓரியன்ட் எக்ஸ்பிரஸ்' நாவலில் ரயில் யூகோஸ்லாவியாவில் வின்கோவ்சிக்கும் ப்ராடுக்கும் இடையே பனியில் நிற்கிறது. பனி தாழ்ப்பாள் போட்டுவிட்டது என்பது எல்லார் கண்ணிலும் படும். நான் ரசிப்பது மற்ற விவரங்களை. படுக்கைப் பெட்டியின் நடத்துநர் எல்லாப் பயணிகளின் பாஸ்போர்ட்டையும் வாங்கி வைத்துக்கொள்வார், நடுராத்திரியில் எல்லை வந்தால் யாரையும் எழுப்பவேண்டாம் என்பதற்காக. ஆகவே யார் எந்த நாட்டவர் என்ற விவரம் முழுவதும் ஒரே ஆள் கையில் சேர்ந்துவிடுகிறது. அவர் உட்காருவதும் நடைபாதையின் கோடியில். எந்தக் கதவு திறந்தாலும் தெரியும். பல்கேரியாவிலிருந்து மேற்கே யூகோஸ்லாவியாவுக்குள் நுழைந்தால் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னுக்குத் திருப்பவேண்டும். கதையில் வரும் உடைந்த கைக்கடிகாரம் காட்டும் நேரத்தை இனி எந்தக் கணக்கில் நம்புவது? முடிவைப் பற்றி வாயே திறக்கமாட்டேன், இன்னும் படிக்காதவர்கள் இருப்பார்கள். பாஸ்போர்ட், நடத்துநர் இருக்கை, கால மாற்றம் எல்லாமே அந்த ரயிலின் அன்றாட நடைமுறை. தடயத்தை அதிலிருந்துதான் எடுக்கவேண்டும்.

அடுத்தது நைல் நதி. இங்கே சறுக்கி விழுந்த கதைகள் அதிகம். லக்சரில் கப்பல் ஏறி, அஸ்வான் தாண்டி, அபு சிம்பெல் போகும் வழியில் கொலை என்று இன்றைய காலத்தில் யாராவது எழுதினால், கப்பல் அணையில் முட்டிக்கொள்ளும். 1970-இல் கட்டி முடித்த அஸ்வான் உயர் அணையைக் கடந்து கப்பல் போக வழியில்லை. 1937-இல் வந்த கிறிஸ்டியின் நைல் நாவலில் கப்பல் கிளம்புவது ஷெல்லாலிலிருந்து, அதாவது 1902-இல் கட்டிய பழைய அணைக்கு மேற்புறமிருந்து. போய்ச் சேருவது வாடி ஹல்ஃபா. அந்தக் கரைகளெல்லாம் இன்று நாசர் ஏரிக்கு அடியில். அபு சிம்பெல் கோயிலையே 1964 முதல் 1968 வரை துண்டு துண்டாக அறுத்தெடுத்து 65 மீட்டர் மேலே கட்டினார்கள். ஆக, எந்த வருடத்தில் கதை நடக்கிறது என்பதை முடிவு செய்யாமல் கப்பலை நகர்த்தக்கூடாது.

இன்றைய லக்சர்–அஸ்வான் வழியில் வேறொரு சிக்கல். கப்பலில் இருப்பவர்களைத் தவிர வேறு யாரும் இல்லை என்று ஆசிரியர் சத்தியம் செய்வார். ஆனால் கரையில் அந்தக் கப்பல்கள் ஒன்றையொட்டி ஒன்றாக நாலைந்து நிற்கும். கடைசிக் கப்பலில் இருப்பவர் மற்ற கப்பல்களின் வரவேற்புக் கூடங்கள் வழியாகத்தான் நடந்து கரையேறுவார். உங்கள் ஜன்னலுக்கு எதிரே அடுத்த கப்பலின் ஜன்னல், கை நீட்டினால் எட்டும். எஸ்னாவில், கப்பலை ஒரு நீர்மட்டத்திலிருந்து இன்னொன்றுக்கு ஏற்றி இறக்கும் நீர்ப்பூட்டில், கப்பல் முறைக்காகக் காத்திருக்கும்போது படகில் வரும் வியாபாரிகள் துணிகளைப் பையில் சுருட்டி மேல்தளத்துக்கு எறிவார்கள். வேண்டாம் என்றால் திருப்பி எறியவேண்டும். கொலைக்கருவி இப்படியே கப்பலுக்குள் வரலாம், இப்படியே போகவும் செய்யலாம். இதை அறியாமல் எழுதினால் அங்கே போய்வந்த வாசகர் ஐந்தாம் பக்கத்திலேயே புத்தகத்தை மூடிவிடுவார். அறிந்து எழுதினால் இதுவே புதிரின் விடை.

இனி நான் அதிக நேரம் நிற்க விரும்பும் இடம். வட துருவத்துக்குப் பக்கத்தில் நார்வேயின் ஸ்வால்பார்ட் தீவுக்கூட்டத்தில் நி-ஓலெசுண்ட் என்றொரு குடியிருப்பு. பழைய நிலக்கரிச் சுரங்க ஊர், இப்போது ஆராய்ச்சி ஊர். இந்தியாவின் ஹிமாத்ரி ஆய்வு நிலையம் 2008 முதல் அங்கேதான் இயங்குகிறது, எனவே தமிழ் பேசும் ஒரு விஞ்ஞானியை அங்கே கொண்டுபோய் நிறுத்துவது இட்டுக்கட்டாகத் தெரியாது. குளிர்காலத்தில் முப்பது, நாற்பது பேர். கோடையில் நூறைத் தாண்டும். எல்லாருக்கும் ஒரே சாப்பாட்டுக் கூடம். ஸ்வால்பார்டின் முக்கிய ஊரான லாங்யியர்பியனிலிருந்து சின்ன விமானம். வானிலை கெட்டால் அதுவும் இல்லை. போலீஸ் அதிகாரம் ஸ்வால்பார்ட் ஆளுநருக்கு. அவருடைய ஆட்கள் ஹெலிகாப்டரில் வந்து சேரும்வரை விசாரணையை யார் கையில் எடுப்பது? உங்கள் கதாநாயகிக்கு இதைவிட நல்ல வாய்ப்பு கிடைக்காது.

செல்போன் வந்த பிறகு மர்மக்கதை எழுதமுடியவில்லை என்று புலம்புகிறவர்களுக்கு இந்த ஊர் ஒரு வரம். அங்குள்ள வானொலித் தொலைநோக்கிகளுக்கு இடைஞ்சல் வரக்கூடாது என்பதால் வைஃபை, புளூடூத் எல்லாவற்றையும் அணைத்துவிடவேண்டும். கதவுகளோ பூட்டப்படுவதே இல்லை. பனிக்கரடி துரத்தினால் யாரும் எந்த வீட்டுக்குள்ளும் ஓடி நுழையலாம் என்பதற்காக அந்த ஏற்பாடு. பூட்டிய அறைக்குள் கொலை என்ற பழைய புதிர் இங்கே தலைகீழாகிறது: எல்லாக் கதவும் திறந்திருக்கும் ஊரில் ஒரு கதவு மட்டும் உள்ளே தாழிட்டிருந்தால், அதுவே கேள்வி. குடியிருப்புக்கு வெளியே போனால் கரடியை விரட்ட ஏதாவது கையில் இருக்கவேண்டும் என்பதால் துப்பாக்கி வைத்திருப்பவரைச் சந்தேகிக்கவும் முடியாது. சுரங்கக் காலப் பழக்கமாக ஸ்வால்பார்டில் பல கட்டடங்களின் வாசலிலேயே காலணியைக் கழற்றிவிடுகிறார்கள். இதன் அருமையை நமக்கு யாரும் விளக்கவேண்டியதில்லை. வாசலில் கிடக்கும் செருப்பைப் பார்த்து உள்ளே யார் யார் இருக்கிறார்கள் என்று சொல்லத் தெரிந்த கூட்டம் நாம். கழற்றிய பூட்ஸ் ஒரு ஜோடி குறைந்திருப்பதை முதலில் கவனிப்பது அந்தத் தமிழ் விஞ்ஞானியாக இருப்பதுதான் பொருத்தம்.

கோடையில் இருட்டே கிடையாது. ஏப்ரல் பிற்பகுதியிலிருந்து ஆகஸ்ட் பிற்பகுதிவரை சூரியன் அடிவானத்துக்குக் கீழே போவதில்லை. 'இருட்டில் முகம் தெரியவில்லை' என்று சாட்சி சொன்னால் அவர் பொய் சொல்கிறார், அல்லது ஆசிரியர் பஞ்சாங்கம் பார்க்கவில்லை. ஜூன் 21-ஐ ஒட்டி, நண்பகலில் சூரியன் தெற்கே சுமார் 34 டிகிரி உயரத்தில். 170 சென்டிமீட்டர் உயரமுள்ளவரின் நிழல் இரண்டரை மீட்டர், வடக்கு நோக்கி. இரவில் சூரியன் வடக்கே சுமார் 12 டிகிரியில். நிழல் எட்டு மீட்டருக்குக் கொஞ்சம் குறைவு, தெற்கு நோக்கி. மதியம் எடுத்தது என்று ஒருவர் காட்டும் புகைப்படத்தில் நிழல் நீண்டு தெற்கே விழுந்திருந்தால் அவருடைய கதை அங்கேயே உடைகிறது. ஒரு நுணுக்கம்: கோடைக்காலக் கடிகாரக் கணக்கில் சூரியன் நேர் வடக்கே வருவது சரியாக நள்ளிரவு 12 மணிக்கு அல்ல, 1.10-ஐ ஒட்டி. இதை விட்டால் கணக்கு பிசகும்.

இரண்டு எச்சரிக்கைகள். ஸ்வால்பார்டில் சாவதற்குத் தடை என்று இணையத்தில் ஓடும் செய்தியை நம்பி எழுதாதீர்கள். அப்படிச் சட்டமில்லை. லாங்யியர்பியனில் நிலம் உறைந்தே கிடப்பதால் 1950-ஐ ஒட்டிச் சவப்பெட்டி அடக்கத்தை நிறுத்தினார்கள். அஸ்திக் கலசத்தை அடக்கம் செய்ய அனுமதி உண்டு. அடுத்தது பூனை. கோஸி மிஸ்டரி என்றால் மடியில் ஒரு பூனை வேண்டும் என்ற வழக்கம் இருக்கிறது. பறவைகளைக் காக்க ஸ்வால்பார்டில் பூனைக்குத் தடை. இன்னொன்றும் சொல்லவேண்டும்: ஸ்வால்பார்டுக்கு விசா தேவையில்லை, ஆனால் அது ஐரோப்பிய நாடுகள் பலவற்றுக்கும் பொதுவான ஷெங்கன் விசா எல்லைக்கு வெளியே. நார்வே வழியாகப் போய்த் திரும்பும் இந்தியருக்கு இருமுறை நுழையும் விசா வேண்டும். ஒருமுறை விசாவோடு வந்தவர் திரும்பிப் போகத் திட்டமே இல்லாதவரோ? பாருங்கள், ஒரு விசா முத்திரை தடயமாகிவிட்டது.

உட்கார்ந்து எழுதும்போது முதலில் ஒரு பெரிய தாளில் கட்டம் போடுங்கள். கொலையைச் சுற்றி 12 மணி நேரம், 15 நிமிடத்துக்கு ஒரு வரிசை, மொத்தம் 48. மேலே எட்டு பேர். ஒவ்வொரு கட்டத்திலும் யார் எங்கே என்று நிரப்புங்கள், ஒருவரும் பார்க்காத கட்டத்துக்குச் சிவப்பு. சாப்பாட்டு நேரம், விமான நேரம், சூரியனின் நிலை மூன்றும் ஓரத்தில் தனிப் பத்தியில். சிவப்புக் கட்டம் ஒருவருக்கு மட்டும் இருந்தால் புதிர் இல்லை. எட்டு பேருக்கும் இருந்தால் நியாயம் இல்லை. மூன்று பேருக்கு இருப்பது நல்ல அளவு.

அந்த ஊர் மனிதர்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. வழிகாட்டியையோ சமையற்காரரையோ முட்டாளாகவோ கொலையாளியாகவோ மட்டும் காட்டும் கதைகளைப் படித்தால் எனக்குக் கோபம் வருகிறது. அவர்களுக்கும் வீடு, கடன், பிடிவாதம் எல்லாம் உண்டு. வந்து போகிறவருக்குத் தெரியாததெல்லாம் அவர்களுக்குத் தெரியும். அவர்களுடைய மொழியிலேயே புதிர் இருக்கலாம். நார்வேக்காரர் ஏழரை மணியை 'ஹல்வ் ஓட்டே' என்பார், அதாவது எட்டாவது மணியில் பாதி. தடுமாறும் ஆங்கிலத்தில் அதையே 'ஹாஃப் எய்ட்' என்று சொன்னால், எட்டோடு அரையைச் சேர்த்து எண்ணிப் பழகிய தமிழர் காதில் அது எட்டரையாக விழும். ஒரு மணி நேரம் காணாமல் போகிறது, ஓர் அப்பாவி சந்தேகத்தில் சிக்குகிறார். ஆனால் இதைக் கடைசி அத்தியாயத்தில் திடீரென்று அவிழ்த்தால் வாசகரை ஏமாற்றியதாகும். மூன்றாம் அத்தியாயத்திலேயே, கொலைக்கு முன்பு, நம் விஞ்ஞானி ஹாஃப் எய்ட் என்று கேட்டுவிட்டு எட்டரைக்குச் சாப்பாட்டுக் கூடத்துக்கு வரட்டும். மேசைகள் துடைத்திருக்கட்டும், தட்டுகள் கழுவி அடுக்கியிருக்கட்டும். சமையற்காரர் சிரித்துக்கொண்டே ரொட்டியும் சூப்பும் எடுத்து வைக்கட்டும்.