செவில் நகரத்துக் காகிதக் கட்டுகள்

அவையோருக்கு வணக்கம்.

மெக்சிகோவிலும் பெருவிலும் தங்கள் ஸ்பானிய மூதாதையைத் தேடிப் புறப்படுகிறவர்களில் பலர் கடைசியில் ஸ்பெயினின் செவில் நகரத்துக்கு வந்து சேருகிறார்கள். 1503இல் அங்கே ஓர் அரசு அலுவலகம் திறக்கப்பட்டது. அமெரிக்கக் கண்டத்துக்குச் செல்ல விரும்பியவர் அங்கே உரிமம் பெற வேண்டும். யார் மகன், எந்த ஊர், மணமானவரா என்று சொல்ல வேண்டும். தன் குலத்தில் யூதரோ முஸ்லிமோ இல்லை என்று சாட்சி வைத்து நிரூபிக்க வேண்டும். கொடுமையான விதி. அந்தச் சாட்சியங்களில்தான் பாட்டன் பாட்டி பெயர்கள்கூட நமக்குக் கிடைக்கின்றன என்பதை நினைத்தால் மனம் கனக்கிறது.

குடும்பப் பெயரை மட்டும் நம்பித் தேடினால் வழி தவறிவிடும். ஓவியர் வேலாஸ்கஸுக்கு 1599 ஜூன் 6 அன்று செவிலில் ஞானஸ்நானம் நடந்தது. தந்தை பெயர் ஹுவான் ரோட்ரிகஸ் டி சில்வா. வேலாஸ்கஸ் என்பது தாயின் பெயர். உடன்பிறந்தவர்களே வெவ்வேறு பெயர் வைத்துக்கொண்ட காலம் அது. ஆகவே ஆலயப் பதிவேட்டில் பெற்றோர், ஞானப்பெற்றோர், ஊர் மூன்றையும் ஒத்துப் பார்க்க வேண்டும்.

என்னை மிகவும் உருக்கியவை கடிதங்கள். முன்னே போன கணவன் மனைவிக்கு எழுதுகிறான்: பணம் அனுப்பியிருக்கிறேன், புறப்பட்டு வா, துணைக்கு இன்னாரை அழைத்துக்கொள், வழிக்கு இன்ன உணவு எடுத்துக்கொள். கணவன் கூப்பிட்டதற்குச் சான்றாக அவள் அந்தக் கடிதத்தை அலுவலகத்தில் கொடுத்தாள். மனுவோடு சேர்த்துக் கட்டியதால்தான் அது பிழைத்தது. வீட்டுப் பெட்டியில் இருந்திருந்தால் என்றோ செல்லரித்துப் போயிருக்கும். 1785இல் மூன்றாம் கார்லோஸ் மன்னர் நிறுவிய ஆவணக்காப்பகத்தில் இன்றும் அவற்றைப் படிக்கலாம்.

திரும்பி வராதவர்களுக்கும் கட்டுகள் உண்டு. வாரிசு அருகில் இல்லாமல் அமெரிக்காவில் ஒருவன் இறந்தால் அவன் உடைமைகளைப் பட்டியலிட்டு ஏலம் விடுவார்கள். சட்டை, போர்வை, கடன் பாக்கி எல்லாம் வரிவரியாக இருக்கும். பணம் செவிலுக்கு வரும். சொந்த ஊர் ஆலயத்தில் அறிவிப்பார்கள். தாய் உயிரோடு இருந்தால், மகனின் சட்டை விலைபோன பணத்தைப் பெற, அவனைப் பெற்றவள் தான்தான் என்று அண்டை வீட்டாரைச் சாட்சிக்கு அழைத்து வந்து நிரூபிக்க வேண்டும்.