ஔகாரத்தை யாரிடம் ஒப்படைப்பது?

நேயர்களுக்கு வணக்கம். நான் பெங்களூரில் அல்சூர் பக்கம் குடியிருக்கிறேன், பகலில் ஒயிட்ஃபீல்டில் ஒரு கம்பெனியில் வேலை. இன்றைக்குப் பேச வந்தது அதைப் பற்றி இல்லை. 14 வருடம் ராத்திரியிலும் ஞாயிற்றுக்கிழமையிலும் சம்பளம் வாங்காமல் பார்த்த இன்னொரு வேலையையும், அதைப் போன வருடம் வேறு இருவர் கையில் கொடுத்த கதையையும் சொல்கிறேன்.

எங்கள் தெருவில் ஓர் அச்சகம் இருந்தது. அதை நடத்திய பெரியவர் ஒரு நாள் சிடி ஒன்றை நீட்டினார். கோயில் விழா மலர்கள், கல்யாண வாழ்த்துப் பாக்கள், யாரோ ஒருவரின் குடும்ப வரலாறு, எல்லாம் பாமினி எழுத்துருவில் அடித்தவை. "தம்பி, பேரன் கம்ப்யூட்டரில் திறந்தால் எல்லாம் ஏபிசிடியாகத் தெரியுது, ஏதாவது பண்ண முடியுமா?" என்றார். எல்லாக் கணினியும் ஒரே மாதிரி படிக்கும் பொதுக் குறியீடான யூனிகோடு பரவுவதற்கு முன் ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்களை உட்கார வைத்துத்தான் நாம் தட்டச்சு செய்தோம். அந்த எழுத்துரு இல்லாத கணினியில் அது வெறும் குப்பை. பாமினி, வானவில், டிஸ்கி, டாப் என்று ஆளுக்கொரு முறை வேறு. பழைய எழுத்துருவில் அடித்ததை யூனிகோடாக மாற்ற அவருக்காக எழுதிய சின்ன மாற்றியைக் கட்டற்ற மென்பொருளாக வெளியிட்டேன், அது பாட்டுக்கு வளர்ந்துவிட்டது.

இதில் என்ன பெரிய வேலை என்று நினைக்கலாம். பாமினியில் கொம்பை முதலில் அடிக்க வேண்டும், அப்புறம் எழுத்து. யூனிகோடில் எழுத்து முதலில், கொம்பு பிறகு. இடம் மாற்றினால் போதும், அரை நாள் வேலை. தலைவலி ஔகாரத்தில்தான். பழைய எழுத்துருக்களில் கொம்பு, எழுத்து, ளகரம் என்று மூன்றையும் வரிசையாக அடித்தால் அதுதான் ஔகாரம். மௌனம், பௌர்ணமி எல்லாம் சரியாக மாறும், ஆனால் "வெளி" என்று வந்தால் மாற்றி அதையும் ஔகாரமாக எடுத்துக்கொண்டு, மிச்சமிருக்கும் இகரக் கொக்கியை அந்தரத்தில் தொங்கவிடும். "வெளியீடு" இப்படி "வௌியீடு" என்று கோணிக்கொண்டு நிற்பதை இணையத்தில் பார்த்திருப்பீர்கள். எழுதியவருக்குத் தமிழ் தெரியாது என்று திட்டாதீர்கள், அது எங்களைப் போன்றவர்கள் செய்த மாற்றியின் வேலை. ளகரத்துக்கு அடுத்து புள்ளியோ வேறு உயிர்க்குறியோ வருகிறதா என்று ஓர் எழுத்து தள்ளி எட்டிப் பார்த்துவிட்டுத்தான் முடிவெடுக்க வேண்டும்.

இப்படி நூறு சில்லறைச் சங்கதிகள். அத்தனையும் என் மண்டைக்குள் இருந்தன.

அம்மாவுக்கு உடம்பு முடியாமல் போனது, பொண்ணு பத்தாவது வந்தாள், பதில் போடாத பிழைப் புகார்கள் குவிந்தன. கைமாற்றிவிடலாம் என்று முடிவு செய்தபோதுதான் எதைக் கைமாற்றுவது என்ற கேள்வியே வந்தது. நிரல் ஏற்கெனவே எல்லாருக்கும் திறந்து கிடக்கிறது, யார் வேண்டுமானாலும் நகலெடுத்துத் தனியாக நடத்தலாம், என் அனுமதி தேவையில்லை. என்னிடம் மட்டும் இருந்தது அந்தப் பெயர், டொமைன் என்கிற இணைய முகவரி, புதிய பதிப்பை ஏற்றும் உரிமை. அதாவது "அப்டேட்" என்று வந்தால் யோசிக்காமல் அழுத்துகிறவர்களின் நம்பிக்கை. அதை முகம் தெரியாதவர் கேட்டவுடன் கொடுக்கலாமா?

கொடுத்துப் பட்டவர்கள் உண்டு. ஈவன்ட்-ஸ்ட்ரீம் என்று ஒரு ஜாவாஸ்கிரிப்ட் தொகுப்பு, மற்ற மென்பொருள்கள் எடுத்துச் சேர்த்துக்கொள்ளும் நிரல். எழுதியவரே அதைப் பயன்படுத்துவதை நிறுத்தி ரொம்ப நாளாகிவிட்டது, ஒருவர் மின்னஞ்சலில் வந்து நான் பார்த்துக்கொள்கிறேன் என்றார், கொடுத்துவிட்டார். 2018-இல் பார்த்தால், வந்தவர் ஒரு குறிப்பிட்ட பிட்காயின் பர்ஸ் செயலியிலிருந்து காசைத் திருடும் நிரலை உள்ளே செருகியிருந்தார். லினக்ஸில் கோப்புகளைச் சுருக்கும் எக்ஸ்இசட் என்ற கருவியின் கதை இதைவிட மோசம். அங்கே வந்த ஆள் இரண்டு வருடத்துக்கும் மேல் பொறுமையாக நல்ல வேலை செய்து பேர் வாங்கினார். களைத்துப் போயிருந்த பராமரிப்பாளரை, இன்னொருவரைச் சேர்த்துக்கொள் என்று சில போலிக் கணக்குகள் நச்சரித்துக்கொண்டே இருந்தன. உரிமை கைக்கு வந்தபின் 2024-இல் திருட்டுத்தனமாகக் கணினிக்குள் நுழைய ஒரு பின்வாசல் வைத்தார். ஆன்ட்ரெஸ் ஃபிராய்ண்ட் என்ற பொறியாளர், சர்வருக்குள் நுழைய அரை விநாடி கூடுதலாகிறதே என்று நோண்டிப் பார்த்ததால் அந்த மார்ச் 29-ஆம் தேதி விஷயம் வெளியே வந்தது. நமக்கெல்லாம் அரை விநாடி கண்ணில் படுமா, சொல்லுங்கள்.

நன்றாக முடிந்ததும் இருக்கிறது. லினக்ஸை உருவாக்கிய லினஸ் டோர்வால்ட்ஸ் 2005 ஏப்ரலில், நிரலில் செய்யும் மாற்றங்களைப் பதிந்து வைக்கும் கிட் என்ற கருவியை எழுத ஆரம்பித்து, ஜூலையிலேயே அதை ஜூனியோ ஹமானோவிடம் கொடுத்துவிட்டுத் தன் லினக்ஸைப் பார்க்கப் போய்விட்டார். நான்கு மாதம்கூட ஆகவில்லை. எனக்குப் பொறாமையாக இருக்கிறது. பைத்தான் என்ற நிரல்மொழியை உருவாக்கிய கைடோ வான் ராசம் 2018-இல் அதன் தலைமையிலிருந்து விலகியபோது வாரிசு என்று யாரையும் காட்டவில்லை, அந்தச் சமூகமே யோசித்து ஐந்து பேர் குழுவைத் தேர்ந்தெடுத்தது.

நான் தேடியது புத்திசாலியை இல்லை, நச்சரித்துக் கேள்வி கேட்கிற ஆளை. ஒருவர் யாழ்ப்பாணத்து இளைஞர், பாமினியிலேயே தட்டச்சு பழகியவர். இன்னொரு பெண் இங்கே கே.ஆர்.புரத்தில் இருக்கிறாள். இருவரும் ஒரு வருடமாகத் திருத்தங்கள் அனுப்பிக்கொண்டிருந்தவர்கள். மூன்று ஞாயிற்றுக்கிழமை அல்சூர் ஏரிப் பக்கம் ஒரு தர்ஷினியில், அதாவது சின்ன ஓட்டலில், ஒன்றை இரண்டாகப் பிரித்துத் தரும் பை-டூ காபி வாங்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்தோம், யாழ்ப்பாணத்துத் தம்பி போனில். "அண்ணா, இந்த நாற்பது வரி எதற்கு? எடுத்துவிட்டுப் பார்த்தேன், எந்தச் சோதனையும் தோற்கவில்லையே" என்றாள். எனக்கே ஞாபகம் இல்லை. ரெண்டு நாள் கழித்து ராத்திரி பல் தேய்க்கும்போது வந்தது: அச்சகப் பெரியவரிடம் இருந்த தட்டச்சர் ஒருவர் ரகரத்துக்குப் பதில் துணைக்காலை அடித்துவிடுவார். தாளில் பார்த்தால் இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றுதான், யாருக்கும் தெரியாது. ஒரே ஒரு மனிதரின் கைப்பழக்கத்துக்காக நாற்பது வரி, மேலே ஒரு குறிப்புகூட எழுதாமல்!

அதன்பிறகு ஒரு விதி வைத்தோம். நான் பேச வேண்டும், அவள் எழுத வேண்டும். நானே எழுதினால் எனக்குத் தெரிந்தது ஊருக்கே தெரியும் என்று நினைத்து முக்கியமானதை விட்டுவிடுவேன். உரிமைகளையும் ஒரேயடியாகக் கொடுக்கவில்லை. முதலில் திருத்தங்களைச் சேர்க்கும் உரிமை, ஆறு மாதம் கழித்துப் பதிப்பு ஏற்றுவது, அதற்கும் இருவர் ஒப்புக்கொள்ள வேண்டும்.

கொடுத்துவிட்டு வாயை மூடிக்கொண்டிருப்பதுதான் பெரும்பாடு. போன மாதம் பழைய பயனர் ஒருவர் பிழை என்று எனக்கே எழுதினார். எனக்கு அது இரண்டு நிமிட வேலை. மடிக்கணினியைத் திறந்தேன், மூடினேன், கடிதத்தை அவர்களுக்கு அனுப்பினேன். நான்கு நாள் ஆக்கினார்கள்! வேறு வழியில் செய்திருந்தார்கள், என் நாற்பது வரியையும் தூக்கிவிட்டு ஒரு சொற்பட்டியலை வைத்துவிட்டார்கள். கொஞ்சம் வலித்தது. பெரியவரின் விழா மலரை அதில் போட்டுப் பார்த்தேன், "வெளியீடு" நேராக நின்றது.

டொமைன் மட்டும் இன்னும் என் பேரில், என் கார்டில்தான் இருக்கிறது. உள்ளே நுழைய ஓடிபி என் போனுக்குத்தான் வரும். தம்பி நடுராத்திரியில்தான் வேலை பார்ப்பார், போன் சிணுங்கினால் எழுந்து எண்ணைப் பார்த்து அனுப்பிவிட்டுப் படுக்கிறேன். இந்த மார்ச்சில் மாற்றிவிடுவதாகச் சொல்லியிருக்கிறேன். போன மார்ச்சிலும் அப்படித்தான் சொன்னேன். வணக்கம்.