மெமரி கார்டில் ஏறிய மாலேகாவ்

நேயர்களுக்கு வணக்கம்.

மகாராஷ்டிரத்தில் நாசிக் மாவட்டத்து ஊர் மாலேகாவ். தெருவுக்குத் தெரு விசைத்தறி ஓடும். வெள்ளிக்கிழமை தறிக்கு விடுமுறை. அன்றைக்கு நெசவாளிகளுக்குப் போக்கிடமாக இருந்தது சினிமாக் கொட்டகை, இல்லாவிட்டால் காசு வாங்கிக்கொண்டு வீடியோவில் படம் காட்டும் வீடியோ பார்லர்.

அப்படி ஒரு பார்லரை நடத்தியவர் நாசிர் ஷேக். கல்யாண வீடியோ எடுத்துப் பழகிய கை. 2000-இல் ‘ஷோலே’ என்ற இந்திப் படத்தைக் கேலி செய்து ஒரு படம் எடுத்தார். செலவு சுமார் 50 ஆயிரம் ரூபாய். கொள்ளைக்காரர்கள் குதிரைக்குப் பதிலாகச் சைக்கிளில் வருவார்கள். கிரேனுக்குப் பதிலாக மாட்டுவண்டி: பின்பக்கம் அழுத்தினால் முன்பக்கம் எழும்பும், கேமராவும் கூடவே எழும்பும். படம் ஓடிய இடமும் உள்ளூர் பார்லர்தான். அடுத்து வி.சி.டி. வந்தது, வட்டு விற்ற காசு கொஞ்சம் கைக்கு வந்தது.

அந்தக் காசில் மண்ணைப் போட்டது செல்போன். அப்போது வட இந்தியச் சிற்றூர்களில் ரீசார்ஜ் கடைக்காரரிடம் மெமரி கார்டைக் கொடுத்தால், 10, 20 ரூபாய்க்குப் பாட்டும் படமுமாக நிரப்பித் தந்துவிடுவார். கடைக்காரருக்கு வரும்படி, எடுத்தவருக்கு ஒரு பைசா கிடையாது. திருட்டுதான், சந்தேகமில்லை. ஆனால் படப்பெட்டி எட்டிப்பார்க்காத ஊருக்கெல்லாம் படத்தைக் கொண்டுபோனதும் அந்தக் கடைதான். எனக்கு அந்தக் கடைக்காரரைத் திட்டவும் மனம் வரவில்லை.

அந்தக் கோப்புகள் பெரும்பாலும் 3GP என்ற, செல்போனுக்கான சின்ன வீடியோ வகை. அகலம் 176 புள்ளி, உயரம் 144. இவ்வளவு சின்னக் கட்டத்தில் தூரத்து மலை தெரியுமா, கூட்டம் தெரியுமா? முகம் தெரியும், அடி விழுவது தெரியும். பெரிய பட்ஜெட் படம் அதில் சுருங்கித்தான் போனது. மாலேகாவ் படத்துக்கு இழக்க ஒன்றுமில்லை.

2016 செப்டம்பரில் ஜியோ செல்போன் சேவை வந்தது, டேட்டா மலிந்தது. கார்டு நிரப்பும் கடைக்கு வேலை குறைந்தது. படம் யூடியூபுக்கு ஏறியது, விளம்பரப் பங்கு நேராக எடுத்தவர் கணக்குக்கு வரத் தொடங்கியது. ‘சோட்டு தாதா’ என்ற குள்ள உருவத்துத் தாதாவின் நகைச்சுவைகளைக் கோடிக்கணக்கில் பார்த்தார்கள். மாலேகாவ் பக்கத்துக் காந்தேஷ் வட்டாரத்தில் எடுக்கிற இவற்றில் வசனத்தைவிட ஓட்டமும் துரத்தலும்தான் அதிகம். இந்தி தெரியாதவரும் சிரித்துவிடலாம்.

முழுநீளப் படத்தின் இடத்தில் இப்போது பத்து நிமிடத் துண்டு. வெள்ளிக்கிழமைக்காகக் காத்திருந்த நெசவாளி, தறியில் நூல் அறுந்து நிற்கிற இடைவெளியில்கூட ஒன்றைப் பார்த்து முடித்துவிடலாம்.